இல்லாத விலாசங்களுக்கு ஒரு பயணம்

நாள் 1 – வெரோனா

கதை ஒன்று நிஜத்தின் மேல் ஏறி உட்கார்ந்துகொண்டு இறங்க மறுத்தால் அந்த ஊர் என்ன ஆகும்? அதைப் பார்க்கத்தான் இந்தப் பயணம். மூன்று ஊர்கள், ஏழு நாட்கள். கூட வருவது அக்கா. முப்பத்து நான்கு வருடம் தபால் துறையில் இருந்துவிட்டு இப்போதுதான் ஓய்வு பெற்றிருக்கிறாள். பயணத்தின் நோக்கத்தை விளக்கியபோது, "பிறக்காத ஆட்களின் வீட்டைப் பார்க்க இவ்வளவு செலவா?" என்று கேட்டாள். கேட்டுவிட்டுப் பெட்டியை அடுக்க ஆரம்பித்தாள்.

காப்பெல்லோ தெரு, எண் 23. ஜூலியட்டின் வீடு. தெருவில் இறங்கினால் வழி கேட்கவே வேண்டாம். கூட்டமே கொண்டுபோய் விடுகிறது. நுழைவு வளைவில் கல்லில் செதுக்கிய ஒரு தொப்பி இருக்கிறது. வந்தவர்களில் யாரும் அதை நிமிர்ந்து பார்க்கவில்லை. இந்த வீட்டைப் பற்றிய உண்மை முழுவதும் அந்தத் தொப்பியில்தான் இருக்கிறது. காப்பெல்லோ என்றால் இத்தாலிய மொழியில் தொப்பி. இங்கே குடியிருந்த தால் காப்பெல்லோ குடும்பத்தின் சின்னம் அது. ஷேக்ஸ்பியரின் 'ரோமியோ ஜூலியட்' நாடகத்தில் ஜூலியட்டின் குடும்பப் பெயராக வரும் கபுலெட் என்ற பெயருக்கு உச்சரிப்பில் ஒரு தூரத்து உறவு. அந்த உறவை வைத்துத்தான் வீட்டுக்கே பட்டா எழுதியிருக்கிறார்கள்.

அந்தக் கபுலெட்டும் வெரோனாக்காரர் அல்லர். மொந்தெக்கி, காப்பெல்லெத்தி என்ற இரண்டு பெயர்களை இத்தாலியக் கவிஞர் தாந்தே தன் காவியத்தில் ஒரே மூச்சில் சொல்கிறார். அவை அரசியல் அணிகள். இரண்டாவது அணி கிரெமோனா ஊரைச் சேர்ந்தது. இருநூறு வருடம் கழித்து, 1530 வாக்கில், லூயிஜி தா போர்த்தோ என்பவர் இரண்டையும் வெரோனாவில் குடியேற்றி, நடுவில் ஒரு ரோமியோவையும் ஒரு ஜூலியட்டையும் வைத்தார். கதை கைமாறிக் கைமாறி ஷேக்ஸ்பியரிடம் போய்ச் சேர்ந்தது.

வரிசையில் நின்று மாடிக்குப் போனோம். பால்கனியில் ஆளுக்குச் சில நொடிகள்தான். பின்னால் நிற்பவர் செருமுகிறார். நான் படம் எடுக்காமல் குனிந்து கல்லைப் பார்த்தேன். கைப்பிடிச் சுவரின் விளிம்பு ஆயிரக்கணக்கான முழங்கைகள் பட்டு வழவழவென்று இருக்கிறது. அதற்கு ஒரு சாண் கீழே, கை படாத இடத்தில், உளியின் சொரசொரப்பு அப்படியே இருக்கிறது. பழைய கல்தான், ஆனால் இந்த இடத்துக்கு அது புதிது. நகராட்சி இந்தக் கட்டடத்தை வாங்கியது 1905-இல். அதற்கு முன் இது ஒரு சத்திரம். நகர அருங்காட்சியகங்களின் இயக்குநர் அந்தோனியோ அவேனா 1930-களின் பிற்பாதியில் இதைச் சீரமைத்தார். அப்போதுதான் கூர்நுனி வளைவுகள் வந்தன. எங்கிருந்தோ கிடைத்த இடைக்காலக் கற்பலகைகளைச் சேர்த்துப் பால்கனியும் மாட்டப்பட்டது. அவை சவப்பெட்டிப் பலகைகள் என்கிறார்கள். இதில் வேடிக்கை, நாடகத்தில் பால்கனி என்ற சொல்லே கிடையாது. ஜூலியட் தோன்றுவது ஜன்னலில்.

கதை நிஜத்தை அழித்து எழுதும் என்று கற்பனைக் கதைகளில் படிக்கும்போது மின்னல் அடிக்கும், ஊர் ஒரே இரவில் உருமாறும். இங்கே நடந்தது வேறு. கோப்பு நகர்ந்திருக்கிறது. யாரோ கையெழுத்துப் போட்டிருக்கிறார்கள். கொத்தனார் வந்திருக்கிறார். கதைக்கு வேண்டியது மந்திரம் அல்ல, ஒரு நகராட்சி.

முற்றத்தில் ஜூலியட்டின் வெண்கலச் சிலை. 1972-இல் வைத்தது. மார்பைத் தொட்டால் காதலில் அதிர்ஷ்டம் என்று யாரோ கிளப்பிவிட, தொட்டுத் தொட்டே சிலை தேய்ந்துபோய், 2014-இல் அசலை உள்ளே எடுத்துவிட்டு நகலை வைத்தார்கள். பத்து வருடத்தில் நகலிலும் ஓட்டை விழுந்ததாகச் செய்தி வந்தது. வரிசை இன்றும் குறையவில்லை. இதைப் பற்றி அக்கா சொன்னதை எழுத முடியாது.

கிளம்பும்போது ஒன்று நடந்தது. ஜூலியட்டுக்குக் கடிதம் போட அங்கே ஒரு சிவப்புப் பெட்டி இருக்கிறது. அக்கா கைப்பையைத் திறந்தாள். மடித்த தாள் ஒன்றை எடுத்தாள், ஒரு கணம் தயங்கினாள், பெட்டியில் போட்டுவிட்டு விறுவிறுவென்று நடந்தாள். என்ன எழுதினாய் என்று கேட்டேன். பதில் இல்லை.

நாள் 2 – வெரோனா

இன்று கல்லறை. ஊரின் பழைய மதிலுக்கு அருகே, சான் பிரான்செஸ்கோ அல் கோர்சோ என்ற முன்னாள் மடம். படியிறங்கிப் போனால் தாழ்வான வளைவுக் கூரை; அதன் கீழே சிவந்த பளிங்கில் திறந்த கல்தொட்டி. மூடி இல்லை, எலும்பு இல்லை, பெயர் இல்லை. காலிதான்.

1844-இல் சார்லஸ் டிக்கன்ஸ் இதைப் பார்க்க வந்தபோது அது ஒரு தோட்டத்தில் கிடந்தது. தண்ணீர்த் தொட்டி போலத்தான் அவருக்குத் தெரிந்தது. காட்டிய பெண்மணியோ ஐயமே இல்லாமல் இது ஜூலியட்டின் கல்லறை என்றாள். நம்பத் தயாராகத்தான் வந்தேன், ஆனால் அவள் நம்புகிறாள் என்பதை மட்டுமே என்னால் நம்ப முடிந்தது என்ற பொருளில் அவர் எழுதியிருக்கிறார். அவருக்கும் முன்னால், 1816-இல், பைரன் வந்து கல்லில் சில சில்லுகளைப் பெயர்த்து, மகளுக்கும் உறவுப் பெண்களுக்கும் என்று எடுத்துப்போனார். பெரிய கவிஞர்தான். செய்தது இன்று முற்றத்தில் நிற்கும் கூட்டம் செய்வதுதான்.

அக்காவை அசைத்தது இந்தக் கல் அல்ல, இதன் காவலர். 1930-களில் இங்கே காவலராக இருந்தவர் எத்தோரே சோலிமானி. கல்லறையில் ஜனங்கள் விட்டுச்சென்ற சீட்டுகளையும், 'ஜூலியட், வெரோனா' என்று மட்டும் எழுதித் தபாலில் வந்த கடிதங்களையும் சேர்த்து வைத்து, ஜூலியட்டின் செயலாளர் என்ற பெயரில் பதில் எழுத ஆரம்பித்தார். யாரும் சொல்லிச் செய்த வேலை இல்லை. இன்று அந்த வேலையை ஒரு சங்கமே செய்கிறது. தன்னார்வலர்கள் உட்கார்ந்து கையால் பதில் எழுதுகிறார்கள். உலகத்தின் எந்த மூலையிலிருந்து போட்டாலும், தெரு வேண்டாம், எண் வேண்டாம், அந்த இரண்டு சொல் போதும்.

"விலாசதாரர் இல்லை என்று எழுதி, அனுப்பியவருக்கே திருப்ப வேண்டும்" என்றாள் அக்கா. "அதுதான் விதி."

"அனுப்பியவர் விலாசமும் இல்லாவிட்டால்?"

"ஆர்.எல்.ஓ.வுக்கு, அதாவது சேர்க்க முடியாத கடிதங்களுக்கான அலுவலகத்துக்குப் போகும். அங்கே பிரித்துப் பார்ப்பார்கள்." கொஞ்ச தூரம் நடந்த பிறகு தானாகவே தொடர்ந்தாள். "எங்களுக்கும் வரும், தம்பி. சாமிக்கு எழுதுவார்கள். செத்துப்போன அப்பாவுக்கு எழுதுவார்கள். ஒரு பையன் நிலாவுக்கு எழுதியிருந்தான், பின்கோடு சரியாகப் போட்டு."

"யாரும் பதில் எழுதவில்லையா?"

"எழுதியிருந்தால் மெமோ வந்திருக்கும்."

நாள் 3 – ரயிலில்

காலையில் அக்கா மகள் போன் செய்தாள். முதல் நாள் நான் எழுதியதைக் குடும்பமே படித்திருக்கிறது. "அம்மா, ஜூலியட்டுக்கு என்ன எழுதினாய்?"

அக்கா போனை வைத்துவிட்டு என்னைப் பார்த்தாள். மிலானோவில் ரயில் மாறி, மலை ஏறி, தோமோதோசோலா தாண்டும்வரை பேசவில்லை. அடுத்து சிம்ப்ளான் சுரங்கம். 1906-இல் திறந்தது, இருபது கிலோமீட்டருக்குச் சற்றுக் குறைவு. வெளியே இருட்டாகிவிட, ஜன்னலில் எங்கள் இருவர் முகமும் தெரிந்தது. அந்த முகத்தைப் பார்த்துத்தான் பேசினாள்.

"நான் எப்போது கடிதம் போட்டேன்?"

போடவில்லை. ஒப்புக்கொள்கிறேன். நடந்தது இதுதான்: அக்கா அந்தச் சிவப்புப் பெட்டியைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தாள். கண்ணாடியை எடுக்கக் கைப்பையைத் திறந்தாள். தபால் எடுக்கும் நேரம் எங்கேயும் எழுதியிருக்கிறதா என்று தேடினாள். அவள் கண்ணுக்குத் தென்படவில்லை. "நேரம் எழுதாத பெட்டியில் யாரும் தபால் போடக்கூடாது" என்று சொல்லிவிட்டு நடந்தாள். அவ்வளவுதான். அன்றிரவு எழுத உட்கார்ந்தபோது அந்த இடம் சப்பென்று இருந்தது. கைப்பை திறந்ததுதானே, ஒரு தாள் வெளியே வந்தால் என்ன என்று தோன்றியது. நகராட்சியைக் கிண்டல் செய்து எழுதிய அதே பக்கத்தில் நானும் ஒரு பால்கனியை மாட்டிவிட்டேன்.

"அழித்துவிடுகிறேன்" என்றேன்.

"அழித்தால் மறைக்கிறோம் என்பார்கள்" என்றாள். முப்பத்து நான்கு வருடம் அரசாங்கத்தில் வேலை பார்த்தவளுக்கு இதெல்லாம் நான் சொல்லித் தர வேண்டியதில்லை.

மாலையில் இன்டர்லாக்கன் வழியாக, பிரியன்ஸ் ஏரியை ஒட்டிப் போகும் குறுகிய பாதை ரயிலில் சுவிட்சர்லாந்தின் மைரிங்கன் வந்து சேர்ந்தோம். ஏரியின் நிறத்தைப் பற்றி எழுதலாம். இப்போதைக்கு என் வர்ணனையை யாரும் நம்ப மாட்டார்கள்.

நாள் 4 – மைரிங்கன்

ஒரு துப்பறிவாளர் சாகாமல் செத்த ஊர். கோனன் டாயில் 1893-இல் இந்தப் பக்கம் வந்தார். தான் படைத்த துப்பறிவாளர் ஷெர்லக் ஹோம்ஸிடமிருந்து விடுதலை வேண்டியிருந்தது அவருக்கு. ரைஹன்பாக் அருவியைப் பார்த்தார். அந்த டிசம்பர் இதழில் ஹோம்ஸையும் எதிரி மொரியார்ட்டியையும் அதில் தள்ளிவிட்டார். பத்து வருடம் கழித்து, ஹோம்ஸ் விழவே இல்லை, மொரியார்ட்டி மட்டும்தான் விழுந்தான் என்று எழுத நேர்ந்தது. ஆக, அருவிக்கு மேலே இருப்பது விழாத ஒருவர் விழுந்த இடம்.

அருவிக்கு 1899 முதல் ஓடும் கம்பிவட ரயிலில் போக வேண்டும். சிவப்பு மரப்பெட்டி, மர பெஞ்சு. ஏற ஏறக் காதில் இரைச்சல் கூடுகிறது. மேலே இறங்கினால் முதலில் தெரிவது தண்ணீர் அல்ல, புகை போன்ற திவலை. மேல் அருவி மட்டும் நூறு மீட்டருக்கு மேல் செங்குத்தாக விழுகிறது. எதிர்ப் பாறையில் ஒரு வெள்ளை நட்சத்திரம் தெரிகிறது. கைகலப்பு நடந்த இடம் அதுவாம். அருகே ஒரு பலகை: 4 மே 1891.

அக்கா கண்ணாடியில் படிந்த ஈரத்தைத் துடைத்துவிட்டு இரண்டாவது தடவை படித்தாள்.

"கதை எப்போது வந்தது என்றாய்?"

"1893."

"பழைய தேதி போட்டிருக்கிறார்கள்." குரலில் உண்மையான கோபம். தேதி முத்திரையை ஒரு நாள் பின்னுக்குத் தள்ளிக் குத்தினால்கூட வேலை போகும் துறையில் இருந்தவள் அவள்.

அந்தத் தேதியில் இன்னொரு விஷயம் இருக்கிறது. 1891 அக்டோபரில் மைரிங்கன் தீப்பிடித்து எரிந்தது. கதைப்படி மே மாதம் ஹோம்ஸ் தங்கிய மைரிங்கனை டாயில் பார்த்திருக்கவே முடியாது. அவர் வந்தபோது இருந்தது சாம்பலிலிருந்து எழுந்த புது ஊர். அன்று எரிந்தவை நிஜமான வீடுகள். இன்று கடைவீதியில் நான் கடந்துவந்தவை கோனன் டாயில் பெயரில் ஒரு சதுக்கம், பாறையில் உட்கார்ந்து குழாய் புகைக்கும் ஹோம்ஸின் சிலை, அந்தச் சிலைக்குள் அறுபது கதைகளுக்கும் ஒளித்துவைத்த அறுபது துப்புகள், பக்கத்திலேயே ஆங்கிலேயர் தேவாலயத்தில் 1991 முதல் ஒரு ஹோம்ஸ் அருங்காட்சியகம். தீ விபத்துக்கும் இங்கே எங்காவது ஒரு கல் இருக்கக்கூடும். அதைத் தேடத் தோன்றாமல் கீழே இறங்கிவந்துவிட்டேன் என்பது இப்போது எழுதும்போதுதான் உறைக்கிறது.

ஊரைக் குறை சொல்லவில்லை. மலையடிவாரத்தில் சின்ன ஊர். வருகிறவர்கள் கேட்பதைத்தானே காட்ட முடியும்?

நாள் 5 – வழியில்

பகல் முழுவதும் ரயில். பாசெல், பாரிஸ், கடலுக்கடியில் சுரங்கம், லண்டன். விடுதியில் நாங்கள் பதிவு செய்த அறை இல்லை என்றார்கள்; ரசீதைக் காட்டியதும் இருக்கிறது என்றார்கள். காகிதத்தின் பலம்.

இரவு மறுபடி போன். கடிதம் இதற்குள் வளர்ந்துவிட்டது. சித்தி திட்டவட்டமாகச் சொல்கிறாளாம்: கல்யாணத்துக்கு முன்பு வந்து கைநழுவிப் போன ஒரு வரனைப் பற்றித்தான் அக்கா அதில் எழுதியிருக்கிறாளாம். பெயர்கூடத் தெரியுமாம்.

"பார், எவ்வளவு பொய்" என்று சிரித்தேன்.

அக்கா சிரிக்கவில்லை. "வரன் உண்மைதான். கடிதம்தான் பொய்" என்று சொல்லிவிட்டு விளக்கை அணைத்தாள்.

நாள் 6 – லண்டன்

பேக்கர் தெரு 221பி. முதல் ஹோம்ஸ் கதை வந்த 1887-இல் அந்தத் தெருவில் அவ்வளவு பெரிய எண்ணே கிடையாது. எண்பத்தைந்து வாக்கில் தெரு முடிந்துவிடும். நிஜ வீட்டுக்காரர் யாருக்கும் தொல்லை வராத எண். ஆனால் தெரு வளர்ந்தது. 1930-இல் அப்பர் பேக்கர் தெருவை இதோடு சேர்த்து எண்களை மாற்றிப் போட்டார்கள். கதையில் மட்டும் இருந்த எண்ணுக்கு நிலம் கிடைத்தது.

அந்த நிலத்தில் 1932-இல் குடிவந்தது ஒரு வீட்டுக்கடன் நிறுவனம், பின்னாளில் அபே நேஷனல் என்று பெயர் பெற்றது. அதன் கட்டடம் 219 முதல் 229 வரை பரவியிருந்தது. 221 அதற்குள் அடக்கம். வந்தது கடன் விண்ணப்பம் மட்டுமல்ல. திரு. ஷெர்லக் ஹோம்ஸுக்குக் கடிதங்கள். காணாமல் போனவர்களைத் தேடித் தரச் சொல்லி, புதிர்களை அவிழ்க்கச் சொல்லி, பிறந்தநாள் வாழ்த்துச் சொல்லி. கடைசியில் பதில் எழுதுவதற்கென்றே ஒரு செயலாளரை நியமித்தார்கள். திரு. ஹோம்ஸ் ஓய்வு பெற்று சசெக்ஸில் தேனீ வளர்க்கிறார் என்று பதில் போகும். கதையிலும் அவர் அப்படித்தான் ஓய்வு பெறுகிறார்.

இதைச் சொன்னபோது அக்கா நடைபாதையில் நின்றுவிட்டாள். "சம்பளத்துக்கா?"

"சம்பளத்துக்குத்தான்."

"இறந்துவிட்டார் என்றும் எழுதவில்லை, இல்லவே இல்லை என்றும் எழுதவில்லை." மெதுவாகத் தலையை ஆட்டினாள். "விலாசம் மாறிவிட்டது என்று எழுதியிருக்கிறார்கள். அது விதிப்படி சரி."

1990-இல் அதே தெருவில், சற்றுத் தள்ளி, ஹோம்ஸ் அருங்காட்சியகம் திறந்தது. வரிசைப்படி அந்த வீடு 239. கதவில் 221பி என்று போட்டுக்கொண்டது. கடிதங்கள் யாருக்கு என்று இரு தரப்புக்கும் பல வருடம் இழுபறி. நிறுவனம் அந்தக் கட்டடத்தைக் காலி செய்த பிறகுதான் அது ஓய்ந்தது. இப்போது கடிதங்கள் அருங்காட்சியகத்துக்குப் போகின்றன. நான் எண்களை வரிசையாகப் படித்துக்கொண்டே நடந்தேன்: 237, 221பி, 241. பல் வரிசையில் ஒரு தங்கப்பல். வெளியே பழைய காலத்துப் போலீஸ் உடையில் ஒருவர். உள்ளே கதையில் சொன்னபடி பதினேழு படி. அக்கா எண்ணிக்கொண்டே ஏறினாள். பதினேழுதான்.

மேலே அறையில் பாதி எரிந்த மெழுகுவர்த்தி, புகைக்குழாய், வயலின். எல்லாம் பழசாக இருக்கும்படி பார்த்துக்கொள்கிறார்கள். எனக்கு அலுத்தது. பொய் என்பதால் அல்ல. ஒரு தூசிகூட இடம் தவறாததால். வெரோனாவின் கல்லில் உளிபட்ட இடமாவது மிச்சம் இருந்தது.

நாள் 7 – லண்டன்

கிங்ஸ் கிராஸ் நிலையத்தில், ஹாரி பாட்டர் கதையில் வரும் ஒன்பதே முக்காலாம் பிளாட்பாரம். சுவருக்குள் பாதி புதைந்த தள்ளுவண்டி, நீண்ட வரிசை, பக்கத்திலேயே கடை. நிஜமான ஒன்பதும் பத்தும் வேறு பக்கம். அவற்றுக்கு நடுவே சுவர் கிடையாது, தண்டவாளம்தான். எழுதியவரே வேறொரு நிலையத்தை மனதில் வைத்து எழுதிவிட்டதாகச் சொல்லியிருக்கிறார். நிலையம் பலகை மாட்டிச் சரிசெய்துவிட்டது. ஐந்து நிமிடத்தில் வெளியே வந்துவிட்டோம்.

அக்கா ஒரு கடையில் தபால்தலையும் உறையும் வாங்கினாள். நிலையத்துக்கு எதிரே ஒரு மேசையில் உட்கார்ந்து எழுதினாள். ஒரு பக்கம் முடிந்து தாளைத் திருப்பினாள். நான் வேறு பக்கம் பார்த்துக்கொண்டிருந்தேன். உறை மேல் 'ஜூலியட், வெரோனா, இத்தாலி' என்று ஆங்கிலத்தில் பெரிய எழுத்தில் எழுதினாள்.

"தெரு, எண் வேண்டாமா?"

"வேண்டாம் என்று நீதானே எழுதினாய்."

பின்பக்கம் அனுப்புநர் விலாசம், பின்கோடு உட்பட முழுசாக எழுதினாள். அதைப் பார்த்ததும் எனக்கு ஒரு யோசனை வந்தது. உள்ளே வெரோனாவில் இருந்த அன்றைய தேதியைப் போட்டுவிட்டால் முதல் நாள் எழுதியதும் பொய்யாகாது என்றேன். என்னை அவள் அப்படிப் பார்த்து நாற்பது வருடம் ஆகிறது.

"இன்றைய தேதிதான் போட்டிருக்கிறேன்" என்றாள்.

தெருமுனையில் சிவப்பு உருளைப் பெட்டி. குனிந்து தகட்டைப் படித்தாள். மாலை ஐந்தரைக்கு எடுப்பார்கள் என்று இருந்தது. உறையை உள்ளே விட்டு, வாய்க்குள் விரலை நுழைத்து, விழுந்துவிட்டதா என்று தடவிப் பார்த்தாள். மணி ஐந்து இருபது. போகலாமா என்றேன். இரு என்றாள்.

சிவப்பு வேன் ஐந்து நாற்பத்தொன்றுக்கு வந்தது. அக்கா கைக்கடிகாரத்தைப் பார்த்தாள், ஒன்றும் சொல்லவில்லை.